மகளைப் பாட்டு ரியாலிட்டி ஷோவுக்கு அழைத்துப் போகும் முன்: ஷூட்டிங்கிலும் எடிட்டிலும் நடப்பது என்ன?

முலுண்டில் இருக்கும் ஒரு அம்மா கேட்டிருக்கிறார்: “என் மகளுக்குப் பதினோரு வயது. மாட்டுங்காவில் கர்நாடக சங்கீதம் கற்றுக்கொள்கிறாள். இந்தி சேனல் ஒன்றின் குழந்தைகள் பாட்டுப் போட்டியில் இரண்டு சுற்று தாண்டிவிட்டாள். அடுத்து கோரேகாவ் ஃபிலிம் சிட்டிக்கு ஷூட்டிங் வரச் சொல்கிறார்கள். எல்லாமே ஸ்கிரிப்ட், ஜெயிப்பது யார் என்று முதலிலேயே முடிவு செய்துவிடுவார்கள் என்று சொந்தக்காரர்கள் பயமுறுத்துகிறார்கள். உள்ளே உண்மையில் என்ன நடக்கிறது? நாங்கள் எதில் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்?”

முதலில் குழந்தைக்கு என் வாழ்த்துகள். இரண்டு சுற்று தாண்டுவது சின்ன விஷயம் இல்லை.

இந்த மாதிரி நிகழ்ச்சிகளுக்கு அந்தேரியில் எடிட்டிங் செய்பவன் நான். ஷூட்டிங் முடிந்து வரும் ஹார்டு டிஸ்க் எல்லாம் எங்கள் அறைக்குத்தான் வரும். உங்கள் சொந்தக்காரர்கள் சொல்வதில் பாதி சரி. குழந்தை பேச வேண்டியதை வரிவரியாக எழுதிக் கொடுப்பதில்லை. நான் வேலை பார்த்தவற்றில் ஜெயிப்பவரை முதல் வாரமே முடிவு செய்து பார்த்ததும் இல்லை. ஆனால் கதை ஒன்று எழுதத்தான் செய்கிறார்கள். ஷூட்டிங்குக்கு முன்னால் கொஞ்சம். மிச்சம் முழுக்க ஷூட்டிங் முடிந்தபின் எடிட் மேஜையில். அந்தக் கதையை எழுத எங்களிடம் இருப்பது நீங்கள் கேமரா முன்னால் கொடுத்தது மட்டும்தான். கொடுக்கும்வரை அது உங்கள் கையில் இருக்கிறது. கொடுத்துவிட்டால் சேனலுக்குச் சொந்தம். கீழே சொல்லப்போகும் எல்லாவற்றுக்கும் அடிப்படை இதுதான்.

உங்கள் மகள் தாண்டிய இரண்டு சுற்றிலும் பிரபலமான நடுவர்கள் யாரும் இருந்திருக்க மாட்டார்கள். முதலில் நீண்ட வரிசையில் நிற்க வைத்துப் பாட்டு தெரிந்தவர்கள் இரண்டு மூன்று பேர் வடிகட்டுவார்கள். அடுத்து தயாரிப்பாளர் சுற்று. அதில் இசைக்காரர்களோடு ‘கிரியேட்டிவ்’ என்று அழைக்கப்படும் கதைக் குழுவும் உட்கார்ந்திருக்கும். டிவியில் நாம் ‘ஆடிஷன்’ என்று பார்ப்பது இதற்கெல்லாம் பிறகு வருவது. கிரியேட்டிவ் ஆட்களின் கையில் இருக்கும் தாளில் குரலைப் பற்றி ஒரு வரி என்றால், குழந்தையைப் பற்றி நான்கு வரி இருக்கும். பத்துப் பதினைந்து குழந்தைகளை வைத்து மாதக்கணக்கில் நிகழ்ச்சி நடத்த வேண்டும். எல்லோரும் ஒரே மாதிரி இருந்தால் பார்க்கிறவர்களுக்கு யாரும் மனதில் நிற்க மாட்டார்கள். அதனால் நாட்டுப்புறப் பாட்டுக்கு ஒருவன், வாய்த்துடுக்கான குட்டிப் பையன் ஒருவன், கிராமத்திலிருந்து ஒரு பெண் என்று பார்த்துப் பார்த்துச் சேர்ப்பார்கள். நல்ல குரல் இருந்தும் சில குழந்தைகள் வெளியே போவதற்குக் காரணம் இதுதான். அதே மாதிரிக் குழந்தை ஏற்கெனவே உள்ளே வந்திருக்கும். உங்கள் மகளை ‘சவுத் இந்தியன் கிளாசிக்கல்’ குழந்தையாகத்தான் குறித்து வைத்திருப்பார்கள். பட்டுப்பாவாடை, மல்லிகைப்பூ, ரஹ்மான் பாட்டு எல்லாம் தானாக வந்து சேரும். தவறில்லை, ஆனால் அவளுக்கு கஜலும் பழைய லதா பாட்டும் வரும் என்றால் முதல் வாரமே சொல்லி வையுங்கள். பின்னால் சொன்னால் மாற்ற மாட்டார்கள்.

கதை ஏன் இவ்வளவு முக்கியமாகிவிட்டது என்பதற்கு ஒரு வரலாறு உண்டு. 1995இல் ஜீ டிவியில் ‘ச ரி க ம’ தொடங்கியபோது தீர்ப்பு முழுக்கப் பெரிய இசைக்கலைஞர்களுடையது. 2004இல் சோனியில் ‘இந்தியன் ஐடல்’ வந்தது. பிரிட்டனில் 2001இல் தொடங்கிய ‘பாப் ஐடல்’ நிகழ்ச்சியின் உரிமையை வாங்கிச் செய்தது அது. எஸ்.எம்.எஸ். ஓட்டு அதோடு பழகிப் போனது. நடுவர் மார்க் போடும்வரை குரல் போதும். கோடிக்கணக்கான பேர் ஓட்டுப் போட வேண்டும் என்றால் அவர்களுக்கு அந்தப் பிள்ளை யார், எந்த ஊர், வீட்டில் என்ன பிரச்சினை என்பதெல்லாம் தெரிய வேண்டும். பாட்டுக்கு முன்னால் ஓடும் அந்த இரண்டு நிமிடப் படம், நாங்கள் ‘ஏவி’ என்று சொல்வது, அப்படித்தான் பாட்டுக்குச் சமமான இடத்தைப் பிடித்தது.

இனி ஷூட்டிங் நாள். முலுண்டிலிருந்து ஃபிலிம் சிட்டி வரைபடத்தில் பக்கம்தான். நடுவில் தேசியப் பூங்காவின் காடு. நேராகப் போகும் கோரேகாவ்–முலுண்ட் லிங்க் ரோடு முடியும்வரை ஜோகேஸ்வரி–விக்ரோலி லிங்க் ரோடு சுற்றித்தான் போக வேண்டும். காலை நெரிசலைக் கணக்கில் வையுங்கள். ஃபிலிம் சிட்டி 1977இல் மகாராஷ்டிர அரசு அமைத்த இடம், ஐநூறு ஏக்கருக்கும் மேல். ஷூட்டிங் நடக்கும் அரங்கை ‘ஃப்ளோர்’ என்போம். ஒரு ஃப்ளோரிலிருந்து இன்னொன்றுக்கு நடந்து போகும் தூரம் இல்லை. எந்த ஃப்ளோர் என்பதை முந்தின நாளே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். இருட்டிய பிறகு குழந்தையோடு தனியாக ஒதுக்குப்புறத்தில் நடக்காதீர்கள். அந்தக் காட்டில் சிறுத்தை உண்டு, ஷூட்டிங் நடக்கும் இடத்துக்கே வந்த செய்திகள் பலமுறை வந்திருக்கின்றன.

கால் டைம், அதாவது வந்து சேர வேண்டிய நேரம், காலை ஏழு மணி என்பார்கள். கேமரா ஓடத் தொடங்கும்போது மத்தியானம் ஆகியிருக்கும். யாரும் வேண்டுமென்று செய்வதில்லை. நூற்றுக்கணக்கான விளக்குகளை ஒவ்வொரு பாட்டுக்கும் தனியாக அமைக்க வேண்டும், பாண்டு எனும் வாத்தியக் குழு முழுவதற்கும் சவுண்டு செக் முடிய வேண்டும், பத்துப் பன்னிரண்டு கேமராவின் நிறமும் ஒன்றாக இருக்க வேண்டும். அதற்கு மேல் பணக்கணக்கு. ஃப்ளோர் வாடகை, ஜெனரேட்டர், விளக்கு, நடுவர்களின் தேதி எல்லாம் நாள் கணக்கில் ஓடுகிற செலவு. அதனால் ஒரு முறை எல்லாவற்றையும் ஏற்றிவிட்டால் இரண்டு எபிசோடையாவது எடுத்துவிடப் பார்ப்பார்கள். ஒரு குழந்தை பாட நான்கு நிமிடம், அந்த நான்கு நிமிடத்துக்காகக் காத்திருப்பது ஒரு நாள். வரும்போது தயிர்சாதம், தண்ணீர், ஒரு ஷால், பள்ளிக்கூடப் புத்தகம் கொண்டு வாருங்கள். ஏ.சி. மிகக் குளிராக இருக்கும். தொண்டைக்கு முதல் எதிரி அதுதான்.

ஃப்ளோருக்குப் பக்கத்தில் ஒரு இருட்டறையில் பி.சி.ஆர். என்ற கட்டுப்பாட்டு அறை இருக்கும். எல்லாக் கேமராவின் படமும் அங்கே சுவர் முழுக்க ஓடும். எந்தக் கேமராவின் படம் போக வேண்டும் என்று அங்கேயே தீர்மானிக்கும் ஆன்லைன் டைரக்டர் ஹெட்செட்டில் “ஜிம்மி (நீண்ட கையில் மாட்டிய கேமரா) மேலே போ, நாலாம் கேமரா க்ளோஸ் எடு, டேக் நாலு” என்று சொல்லச் சொல்ல, பக்கத்தில் ஸ்விட்ச்சரில் இருப்பவர் மாற்றிக்கொண்டே போவார். அப்படி உடனுக்குடன் வெட்டிய படம் ஒரு பக்கம் பதிவாகும். ஆனால் ஒவ்வொரு கேமரா பிடித்ததும் தனித்தனியாகவும் முழுசாகப் பதிவாகிக்கொண்டே இருக்கும். இந்த இரண்டாவது பதிவுதான் எங்கள் மூலதனம். மேடையில் ஒருவர் பாடும்போது ஓரமாக உட்கார்ந்திருக்கும் உங்கள் மகளை ஒரு கேமரா விடாமல் பார்த்துக்கொண்டிருக்கும். கொட்டாவி, முகம் சுளிப்பு, தோழிக்குக் கை தட்டுவது எல்லாம் பதிவாகும். சட்டையில் மாட்டும் சின்ன மைக்கும் அப்படித்தான். மாட்டியபின் கழற்றும்வரை அது கேட்டுக்கொண்டிருக்கிறது. வீட்டுப் பேச்சு, பணப் பேச்சு, இன்னொரு குழந்தையைப் பற்றிய பேச்சு எதையும் மைக் மாட்டிய குழந்தையிடம் பேசாதீர்கள். டாய்லெட்டுக்குப் போகும் முன் சவுண்டு அசிஸ்டன்டைக் கூப்பிட்டுக் கழற்றச் சொல்லுங்கள். சங்கடப்பட வேண்டாம், அது அவர்கள் வேலை.

பார்வையாளர்களில் பெரும்பாலானவர்களை ஆடியன்ஸ் கோ-ஆர்டினேட்டர்கள் கூலிக்கு அழைத்து வருவார்கள். கைதட்டல், எழுந்து நிற்பது, சிரிப்பு, கண்ணைத் துடைப்பது எல்லாவற்றையும் யாரும் பாடாத நேரத்தில் மொத்தமாக எடுத்து வைத்துக்கொள்வதும் உண்டு. தொகுப்பாளரின் பேச்சும் நடுவர்களோடு நடக்கும் கிண்டலும் எழுதியவைதான். குழந்தைகளிடம் “மேடைக்குப் போனதும் சாரிடம் இதைக் கேளு” என்று கிரியேட்டிவ் ஒருவர் காதில் போடுவார். அது உத்தரவு இல்லை, யோசனை. அவளுக்கு அது கூச்சமாக இருந்தால் “எனக்கு வேண்டாம் தீதி” என்று சொல்லலாம், சொல்லப் பழக்குங்கள். வேறு ஏதாவது யோசிப்பார்கள், அவ்வளவுதான்.

பாட்டு விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் மகளின் குருவுக்கு இதை அப்படியே படித்துக் காட்டினால் நல்லது. பாட்டுத் தேர்வு உங்கள் விருப்பம் மட்டுமல்ல. எந்த மியூசிக் கம்பெனியோடு சேனலுக்கு ஒப்பந்தம் இருக்கிறதோ அந்தப் பாட்டுகள்தான் பட்டியலில் இருக்கும். ஆசைப்பட்ட பாட்டு கிடைக்கவில்லை என்றால் பெரும்பாலும் காரணம் உரிமைதான். கிடைத்த பாட்டையும் இரண்டு இரண்டரை நிமிடத்துக்குச் சுருக்குவார்கள். எந்த சரணம் போகும், எங்கே ஆலாபனை வரும், எங்கே பாண்டு உச்சத்துக்குப் போகும் என்பதை அரேஞ்சர் தீர்மானிப்பார். ஸ்ருதி தீர்மானிக்கும் அன்று மட்டும் வெட்கப்படாமல் பேசுங்கள். ரிகர்சல் அறையில் சுலபமாக எட்டும் மேல் ஸ்தாயி, பன்னிரண்டு மணி நேரம் காத்திருந்த பின் எட்டாது. அரை ஸ்ருதி குறைத்துக் கேளுங்கள்.

கர்நாடக சங்கீதம் கற்ற குழந்தைகள் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. தம்புராவையும் மிருதங்கத்தையும் காதால் கேட்டு, கூடவே மூச்சு விட்டுப் பாடிப் பழகியவர்கள். இங்கே காதுக்குள் இன்-இயர் மானிட்டர் என்ற கருவியைச் செருகிவிடுவார்கள். பாண்டு முழுவதும் ‘க்ளிக்’ என்ற மெட்ரோனோம் தட்டலுக்கு வாசிக்கும். தன் குரலே தூரத்தில் கேட்பதுபோல இருக்கும். நன்றாகப் பாடும் குழந்தை திடீரென்று தாளம் தப்புவதை ரஷ்ஷில், அதாவது வெட்டாத மூலப் பதிவில், நான் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். காரணம் பயம் இல்லை, காதில் இருக்கும் அந்தப் புதுப் பொருள். இன்றிலிருந்தே இயர்போனில் மெட்ரோனோம் போட்டு, கரோக்கி டிராக்கோடு பாடிப் பழகட்டும். ஷூட்டிங் அன்று காதில் எது அதிகம் வேண்டும், எது குறைய வேண்டும் என்று மானிட்டர் இன்ஜினியரிடம் அவளே கேட்கட்டும்.

பாடியது அப்படியே ஒளிபரப்பாகிறதா என்று பலரும் கேட்பார்கள். ஒவ்வொரு வாத்தியமும் ஒவ்வொரு மைக்கும் தனித்தனி டிராக்கில் பதிவாகும். பிறகு மிக்சிங் ஸ்டுடியோவில் சமன் செய்வார்கள். தேவைப்பட்ட இடத்தில் ஸ்ருதியை மென்பொருளால் நேர் செய்வதும் நடக்கிறது. ஆனால் உணர்ச்சி வராத குரலுக்கு உணர்ச்சியைக் கொண்டுவர எந்த மென்பொருளும் இல்லை. அதனால் டிவியில் எல்லாக் குழந்தைகளும் அப்பழுக்கில்லாமல் பாடுகிறார்கள் என்று உங்கள் மகள் கலங்க வேண்டாம். அவர்களுக்கும் பிசகுகிறது.

இப்போது என் அறை. சேனல் ஒரு மணி நேரம் ஒதுக்கியிருந்தால் அதில் விளம்பரம் 12 நிமிடத்துக்கு மேல் போகக்கூடாது என்பது விதி. மிச்சம் 48 நிமிடம். போன வாரத்துச் சுருக்கம், அடுத்து வருவதின் துண்டு எல்லாவற்றையும் கழித்தால் கையில் நிற்பது இன்னும் குறைவு. ஷூட்டிங்கில் எடுத்ததோ பத்துக்கும் மேற்பட்ட கேமராவில் மணிக்கணக்கில். ஒவ்வொரு பதிவிலும் இருக்கும் நேரக் குறியான டைம்கோடு வைத்து எல்லாவற்றையும் ஒரே நேரக்கோட்டில் அடுக்கிவிட்டு, கதைக் குழு தரும் ஸ்டோரி ஷீட்டைப் பார்த்துக் கட் போடத் தொடங்குவோம். முதலில் ரஃப் கட், பிறகு தயாரிப்பு நிறுவனத்தின் திருத்தம், பிறகு சேனலின் திருத்தம், ஆபாசம் அவதூறு பார்க்கும் எஸ் அண்ட் பி குழுவின் திருத்தம், கடைசியில் தொழில்நுட்பச் சோதனை. ஒளிபரப்புக்கு ஒரு மணி நேரம் இருக்கும்போது ஃபைல் போய்ச் சேர்ந்த நாட்களும் உண்டு.

இந்த மேஜையில் என்னவெல்லாம் முடியும் என்பதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். நடுவர் கண் கலங்கும் ஷாட் உங்கள் மகள் பாட்டுக்கே கலங்கியதாக இருக்க வேண்டும் என்பதில்லை. அன்றைக்கு வேறொரு நேரத்தில் எடுத்ததை இங்கே வைக்கலாம். இன்னொரு குழந்தைக்கு நல்ல பெயர் கிடைத்த உடனே உங்கள் மகள் முகம் வாடுவதுபோல வைக்கலாம், அவள் பசியில் உட்கார்ந்திருந்த நேரத்து முகமாக அது இருக்கலாம். ஒருவர் பேட்டியில் ஒரு வாக்கியத்தின் முன்பாதியையும் வேறு பதிலின் பின்பாதியையும் ஒட்டி ஒரே வாக்கியமாக்கலாம். ஒட்டு தெரியாமலிருக்க அந்த இடத்தில் முகத்தைக் காட்டாமல் கை, சுவரில் மாட்டிய படம், ஜன்னல் என்று ஏதாவது காட்டுவோம். பேச்சு ஓடிக்கொண்டிருக்கும்போது முகம் மறைகிறதா, அங்கே ஒட்டு இருக்கக்கூடும் என்று வைத்துக்கொள்ளுங்கள். நீளம் குறைக்க மட்டும் இதைச் செய்தால் யாருக்கும் கெடுதல் இல்லை. அர்த்தத்தையே மாற்றும்போதுதான் என்னால் ஏற்க முடிவதில்லை. எடிட் அறையில் வாக்குவாதம் வருவதெல்லாம் இந்த எல்லையில்தான்.

ஒரு உதாரணம் சொல்கிறேன். செம்பூரில் ஒரு தமிழ்க் குடும்பத்தின் வீட்டுக்கு ஏவி எடுக்கப் போயிருந்தார்கள். பையனின் அப்பா வங்கி வேலையில் இருப்பவர், வீட்டில் பெரிய கஷ்டம் எதுவும் இல்லை. கிரியேட்டிவ் திரும்பத் திரும்ப இந்தியில் கேட்கிறார்: பையன் பாட்டுக்காக எதைத் தியாகம் செய்தீர்கள், பண நெருக்கடி வந்ததா, யாராவது கேலி செய்தார்களா? அப்பா பொறுமையாக இல்லை இல்லை என்கிறார். பக்கத்தில் சோபாவில் பாட்டி. கேமரா ஓடிக்கொண்டிருக்க, மகன் பக்கம் திரும்பித் தமிழில் சொல்கிறார்: “ஏண்டா, நமக்கு என்ன குறைச்சல்? எதுக்கு இவங்க தோண்டித் தோண்டி அழுகையாவே கேக்கறாங்க? பிள்ளை பசியோட நிக்கறான், மொதல்ல சாப்பிட விடச் சொல்லு.” சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு, புடவைத் தலைப்பால் கண்ணாடியைத் துடைக்கிறார். அங்கிருந்த யூனிட்டில் தமிழ் தெரிந்தவர் யாரும் இல்லை. எனக்கு வந்த ஸ்டோரி ஷீட்டில் அந்த இடத்தில் “பாட்டி எமோஷனல்” என்று எழுதியிருந்தது.

பாட்டி சொன்னதை மொழிபெயர்த்துச் சொன்னேன். அதை அப்படியே சப்டைட்டிலோடு வைக்கலாம், இந்தியா முழுக்க எல்லார் வீட்டுப் பாட்டியும் அப்படித்தான் பேசுவார், பார்க்கிறவர்களுக்கு அந்தக் குடும்பத்தைப் பிடித்துப்போகும் என்றேன். இன்றைக்கும் அதுதான் என் கருத்து. கதைக்கு ஒத்துவரவில்லை என்று முடிவானது. பாட்டியின் குரல் போய்விட்டது, புடவைத் தலைப்பு ஷாட் மட்டும் வயலின் இசையோடு நின்றது. ஒரு பொய் வார்த்தைகூட அதில் இல்லை. ஆனால் இல்லாத ஒரு துக்கம் அந்த வீட்டுக்குள் வந்துவிட்டது.

அதனால் ஏவி எடுக்க உங்கள் வீட்டுக்கு வரும்போது முதல் நாளே கணவரும் நீங்களும் மாமியாரும் உட்கார்ந்து பேசி, எதைச் சொல்வது எதைச் சொல்ல வேண்டாம் என்று முடிவு செய்துகொள்ளுங்கள். உங்களிடமே ஒரு நல்ல கதை இருந்தால், அதை முந்திக்கொண்டு நீங்களே கொடுங்கள். சனிக்கிழமை காலை ஐந்தரை மணிக்கு எழுந்து குர்லாவில் ரயில் மாற்றி மாட்டுங்கா போகிறீர்கள் என்றால் அது போதும், அதையே அழகாக எடுப்பார்கள். கிரியேட்டிவ் குழுவினர் கெட்டவர்கள் இல்லை. வாரத்துக்குப் பத்து ஏவி கொடுக்க வேண்டிய இருபத்தைந்து வயதுப் பிள்ளைகள். கையில் கதை கிடைக்காதபோதுதான் அழுகையைத் தேடுவார்கள்.

அவர்களை விரட்டுவது எது என்றும் சொல்லிவிடுகிறேன். 2015 முதல் டிவி பார்வையைக் கணக்கிடுவது ‘பார்க்’ (BARC) என்ற அமைப்பு. நாடு முழுவதும் 50,000-க்கும் மேற்பட்ட வீடுகளில் மீட்டர் வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு சேனலின் ஒலியிலும் காதுக்குக் கேட்காத ஒரு குறியீடு கலந்திருக்கும், அதை மீட்டர் பிடித்து எந்த சேனல் ஓடுகிறது என்று குறித்துக்கொள்ளும். வியாழக்கிழமை எண்கள் வரும். எந்த நிமிடத்தில் ஆட்கள் வந்தார்கள், எந்த நிமிடத்தில் ரிமோட்டை அழுத்தினார்கள் என்று கோடு கோடாகக் காட்டும் தாள் எங்கள் அறைவரை வரும். ஒரு வாரம் ஏதோ ஒரு குழந்தையின் அம்மா அழுத இடத்தில் கோடு ஏறியிருந்தால், அடுத்த வாரம் நான்கு அம்மாக்களிடம் அதே கேள்வி போகும். நல்ல பாட்டுக்கும் கோடு ஏறும், அதையும் பார்த்திருக்கிறேன். ஆனால் நல்ல பாட்டை வாரா வாரம் கேட்டு வாங்க முடியாது.

சட்டம் உங்கள் பக்கம் இருக்கிறது, அது பலருக்குத் தெரிவதில்லை. குழந்தைத் தொழிலாளர் சட்டத்தில் 2016இல் திருத்தம் வந்தது. அதையொட்டி 2017இல் வந்த விதிகள் பதினான்கு வயது நிரம்பாத குழந்தைக் கலைஞர்களுக்குத் தெளிவான வரம்பு போடுகின்றன. ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. தொடர்ந்து 27 நாட்களுக்கு மேல் வரவழைக்கக் கூடாது. ஷூட்டிங் நடக்கும் மாவட்டத்தின் மாஜிஸ்திரேட்டிடம் தயாரிப்பாளர் முன்கூட்டியே அனுமதி வாங்க வேண்டும். ஐந்து குழந்தைகளுக்கு ஒருவர் வீதம் பொறுப்பாளர் நியமிக்க வேண்டும். படிப்பு கெடாமல் ஏற்பாடு செய்ய வேண்டும். குழந்தைக்கு வரும் வருமானத்தில் குறைந்தது 20 சதவீதத்தை அவள் பெயரிலேயே தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் டெபாசிட்டாகப் போட வேண்டும். எல்லாவற்றையும்விட, குழந்தைக்கு விருப்பம் இல்லாமல் எதையும் செய்யவைக்கக் கூடாது. முதல் நாளே ப்ரொடக்ஷன் ஆளிடம் “மாஜிஸ்திரேட் அனுமதிக் கடிதத்தின் நகல் கிடைக்குமா? எங்கள் குழுவுக்குப் பொறுப்பாளர் யார்?” என்று மரியாதையாகக் கேளுங்கள். விதி தெரிந்த பெற்றோர் என்று தெரிந்தால் நடத்தும் விதமே மாறும். நேரம் நீளும்போது ஐந்து மணி நேரக் கணக்கை நினைவூட்டுங்கள். ராத்திரி பத்து மணிக்குத் தூங்கி வழியும் குழந்தையை “இன்னும் ஒரே ஒரு பாட்டு” என்று மேடை ஏற்ற விடாதீர்கள்.

ஒப்பந்தத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். ஆங்கிலத்தில் பக்கம் பக்கமாக இருக்கும். வக்கீல் யாராவது தெரிந்தால் ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்க்கச் சொல்லுங்கள். மூன்று இடங்களை முக்கியமாகப் பாருங்கள்: நிகழ்ச்சி முடிந்து எத்தனை மாதம் அல்லது வருடம் வேறு சேனலில், வேறு மேடையில் பாடக்கூடாது என்கிறார்கள், அவளுடைய வெளிநிகழ்ச்சி வருமானத்தில் பங்கு கேட்கிறார்களா, எடுத்த காட்சியை எந்த வடிவத்திலும் வெட்டி ஒட்ட உரிமை கொடுக்கிறீர்களா. கடைசியாகச் சொன்னது எப்படியும் இருக்கும், எடுக்க முடியாது. முதல் இரண்டிலும் பேச இடம் உண்டு, குறிப்பாகச் சபாக் கச்சேரிகளுக்கு விலக்கு கேளுங்கள். இல்லாவிட்டால் சண்முகானந்தா சபாவில் ஒரு போட்டியில் பாடக்கூட அனுமதிக் கடிதம் கேட்டு அலைய வேண்டி வரும். பரிசுப் பணத்தில் 30 சதவீத வருமான வரியைப் பிடித்துக்கொண்டுதான் தருவார்கள் என்பதும் தெரிந்திருக்கட்டும். தேர்வுக்கோ உடைக்கோ பயிற்சிக்கோ பணம் கட்டு என்று யாராவது போன் செய்தால், அது மோசடி என்று வைத்துக்கொண்டு சேனலின் அதிகாரபூர்வ எண்ணில் விசாரியுங்கள். ஆடிஷன் காலத்தில் இந்த மாதிரி அழைப்புகள் நிறைய வரும்.

ஷூட்டிங்குக்கும் ஒளிபரப்புக்கும் நடுவில் சில நாட்களோ சில வாரங்களோ இருக்கும். அதுவரை முடிவைச் சொல்லக்கூடாது என்று கையெழுத்து வாங்குவார்கள். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் பெரியப்பா மகிழ்ச்சியில் போட்டுவிட்டால் பிரச்சினை உங்களுக்குத்தான். செட்டில் எடுத்த போட்டோவும் அப்படியே.

எலிமினேஷனைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஒருவரைத் தவிர மற்ற எல்லாக் குழந்தைகளும் என்றைக்காவது அதைச் சந்திப்பார்கள். பெயர் அறிவித்த நொடியில் மேடையில் ஒரு கேமரா குழந்தை முகத்துக்கும் இன்னொன்று உங்கள் முகத்துக்கும் வரும். மேடையிலிருந்து இறங்கியதும் பின்னால் ஒரு திரை முன் நிறுத்தி எக்சிட் பைட் எடுப்பார்கள்: “எப்படி இருக்கிறது? யாரை மிஸ் பண்ணுவாய்?” அந்த நிமிடத்தில் எந்தக் குழந்தையும் உடைந்துதான் போகும். அது தெரிந்துதான் உடனே எடுக்கிறார்கள். அங்கே நீங்கள் குறுக்கே நின்று, பைட்டுக்கு முன் பத்து நிமிடம் வேண்டும் என்று கேளுங்கள். மைக்கைக் கழற்றச் சொல்லி, குழந்தையை மேக்கப் ரூமுக்கு அழைத்துப் போய், தண்ணீர் குடிக்க வைத்து, அழ வேண்டுமானால் அங்கேயே அழ விட்டு, பிறகு அழைத்து வாருங்கள். முணுமுணுப்பார்கள், ஃப்ளோர் லேட்டாகிறது என்பார்கள். ஆனால் அந்த எபிசோடு முடிய அந்த பைட் அவர்களுக்குக் கட்டாயம் வேண்டும், அதனால் காத்திருப்பார்கள்.